சக மாணவர் எழுதிய கருத்துகளுக்கு எப்படிப் பதில் எழுதுவது? (வேலூர்க் கோட்டைக் கட்டுரை வரைவு)

பள்ளிகொண்டா · வெள்ளி, இரவு 9.12

எல்லோருக்கும் வணக்கம். பி.ஏ. வரலாறு இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். இந்தப் பருவத்தில் ஒரு தாளுக்குத் தேர்வுக்குப் பதிலாகத் தமிழ் விக்கிப்பீடியாவில் ஒரு கட்டுரையை விரிவாக்கச் சொல்லிவிட்டார்கள். நான் வேலூர்க் கோட்டையை எடுத்துக்கொண்டேன். தினமும் பஸ் ஜன்னலில் பார்க்கிற கோட்டைதானே, இரண்டு ராத்திரியில் முடித்துவிடலாம் என்ற தைரியம்.

மணல்தொட்டியில் (விக்கியில் எழுதிப் பார்க்கிற பக்கம்) வரைவு போட்டாயிற்று. வகுப்பில் இரண்டு பேர் அதைப் படித்துக் கருத்து எழுத வேண்டும், ஒவ்வொரு கருத்துக்கும் நான் உரையாடல் பக்கத்தில் பதில் எழுத வேண்டும். பதிலுக்குத் தனி மதிப்பெண். திங்கட்கிழமை கடைசி நாள்.

ஒருவர் எழுதியது மொத்தமே இவ்வளவுதான்: "சூப்பர். படம் இருந்தா இன்னும் நல்லா இருக்கும்." இன்னொருவர் 11 கருத்து எழுதியிருக்கிறார். மேடைப்பேச்சு மாதிரி இருக்கிறதாம். ஒரு பத்தி எங்கிருந்தோ எடுத்ததாம். பாட்டிக் கதைக்கெல்லாம் கலைக்களஞ்சியத்தில் என்ன வேலையாம். படித்ததும் லேப்டாப்பை மூடிவிட்டேன். அம்மா சாப்பிடக் கூப்பிட்டும் போகவில்லை.

சிலது சரி, சிலது தப்பு என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. தப்பு என்று எழுதினால் சண்டைக்குப் போகிற மாதிரி ஆகிவிடுமோ? எல்லாவற்றுக்கும் "நன்றி, திருத்திவிட்டேன்" போட்டுவிடு, மதிப்பெண் வந்துவிடும் என்கிறாள் தோழி. அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

ஆற்காடு மக்கன்பேடா · 9.30

அந்த "சூப்பர்" ஆசாமி உங்கள் வரைவைத் திறந்தே பார்த்திருக்க மாட்டார். எங்கள் வகுப்பிலும் இதே கதைதான். நான் மூன்று பேருக்கு "அருமை" போட்டேன், மூன்று பேரும் எனக்கு "அருமை" போட்டார்கள். கல்யாண வீட்டு மொய் மாதிரி.

11 கருத்துக்காரர் ஒரு மணி நேரமாவது உட்கார்ந்திருக்கிறார். முதலில் போய்ச் சாப்பிடுங்கள்.

காட்பாடி ஜங்ஷன் · 10.05

தமிழ் விக்கியில் சில வருடங்களாகத் தொகுத்து வருகிறேன். தோழி சொன்ன வழி வேண்டாம். "நன்றி, திருத்திவிட்டேன்" என்று 11 தடவை எழுதினால், திருத்தக் கூடாததையும் சேர்த்துத் திருத்தியிருப்பீர்கள்.

கோபம் வருவது சகஜம். என் முதல் கட்டுரையில் ஒருவர் முதல் பத்தியிலேயே நான்கு இடத்தில் "சான்று தேவை" என்று ஒட்டிவிட்டுப் போனார். இரண்டு நாள் அந்தப் பயனர் பெயரைப் பார்த்தாலே பற்றிக்கொண்டு வந்தது. அப்புறம் சான்று தேட உட்கார்ந்தபோதுதான் தெரிந்தது, நான்கில் மூன்று நான் எங்கோ காதில் வாங்கியது.

பொதுவாகப் பேசிப் பயனில்லை. அவர் குறித்த வாக்கியத்தையும் அவர் எழுதிய கருத்தையும் அப்படியே இங்கே ஒட்டுங்கள்.

பள்ளிகொண்டா · 10.31

சாப்பிட்டுவிட்டேன் :)

என் வாக்கியம்: "தன்மானச் சிங்கங்களாம் நம் சிப்பாய்கள் வெள்ளையனின் கொட்டத்தை அடக்கி, கோட்டைக் கொத்தளத்தில் புலிக்கொடியைப் பறக்கவிட்டு அழியாப் புகழ் பெற்றனர்."

கருத்து: "இது மேடைப்பேச்சு. நடந்தது என்ன என்றே தெரியவில்லை."

நம் ஊரில் நடந்த விஷயம் அண்ணா. கொஞ்சம் பெருமையாகச் சொல்லக் கூடாதா?

காட்பாடி ஜங்ஷன் · 10.58

பெருமை இருக்கட்டும். திருநெல்வேலியில் ஒரு பத்தாம் வகுப்புப் பையன் இதைப் படிக்கிறான் என்று வையுங்கள். எந்த வருடம்? கொடி யாருடையது? கடைசியில் கோட்டை யார் கையில்? ஒன்றும் இல்லை. நான் எழுதினால் இப்படி எழுதுவேன்:

"1806 ஜூலை 10 அதிகாலையில் சிப்பாய்கள் கோட்டையைக் கைப்பற்றி, திப்பு சுல்தானின் மகன் ஃபத்தே ஹைதரை அரசராக அறிவித்து, மைசூர் அரசின் புலிவரிக் கொடியை ஏற்றினர். ஆற்காட்டிலிருந்து பிரிட்டிஷ் அதிகாரி கில்லெஸ்பி தலைமையில் வந்த குதிரைப்படை அன்றே கோட்டையை மீட்டது."

ஒன்று கவனித்தீர்களா? நீங்கள் சுட்டி கொடுத்திருந்ததால் வரைவு முழுவதையும் படித்தேன். கோட்டை அன்றைக்கே பறிபோனது அதில் எங்குமே இல்லை. சிங்கம் என்று ஆரம்பித்துவிட்டால் தோற்றதை எழுத இடமே கிடைக்காது. உங்கள் வகுப்புத் தோழர் "நடந்தது என்ன" என்று கேட்டது இதைத்தான்.

அகழிக்கரை · சனி, காலை 6.20

பள்ளியில் வரலாறு நடத்தி ஓய்வுபெற்றவன். காட்பாடித் தம்பி சொல்வதில் பாதியை ஒப்புக்கொள்கிறேன்.

மீதிப் பாதி என்னவென்றால், "மீட்டது" என்று எழுதியிருக்கிறீர்களே தம்பி, யாருடைய கோட்டையை யார் மீட்டது? அந்த ஒரு வினைச்சொல்லில் கோட்டையைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்குப் பட்டா போட்டுக் கொடுத்துவிட்டீர்கள். அடைமொழியை நீக்கிவிட்டால் மட்டும் நடுநிலை வந்துவிடாது.

பாப்பா, சிங்கம் புலி எல்லாம் வேண்டாம். 1805 நவம்பரில் என்ன உத்தரவு போட்டார்கள் என்பதை மட்டும் எழுது. நெற்றியில் சமயக்குறி இருக்கக் கூடாது. தாடியை மழிக்க வேண்டும், மீசையைக் கத்தரிக்க வேண்டும். தோல் குஞ்சம் வைத்த, பார்த்தால் தொப்பி மாதிரி இருக்கிற தலைப்பாகை போட வேண்டும். உத்தரவு சென்னைப் படைத் தலைமைத் தளபதி கிரடாக்குடையது. இந்த நான்கு வரியைப் படிக்கிறவனுக்கு மீதி தானாகப் புரியும்.

காட்பாடி ஜங்ஷன் · 7.45

ஐயா, பிடிபட்டேன். "மீண்டும் கைப்பற்றியது" என்று இருக்கட்டும்.

பள்ளிகொண்டா, இப்போது நடந்ததுதான் நல்ல கருத்துப் பரிமாற்றம். அவர் சொன்னார், சரியாக இருந்தது, மாற்றிவிட்டேன். இதில் என் கௌரவம் எங்கும் குறையவில்லை. (கொஞ்சம் குறைந்தது, காபி குடித்ததும் சரியாகிவிட்டது.)

பள்ளிகொண்டா · 9.10

ஐயா, அண்ணா, இரண்டு பேருக்கும் நன்றி. அந்தப் பத்தியை முழுவதும் மாற்றுகிறேன்.

அடுத்தது. "வேலூர்க் கலகம்" என்று எழுதியிருந்தேன். "கலகம் என்பது வெள்ளைக்காரன் வைத்த பெயர். முதல் சுதந்திரப் போர் என்று மாற்று" என்கிறார். இதற்கு முன்னால் மேடைப்பேச்சு வேண்டாம் என்றவரும் இவர்தான்!

அகழிக்கரை · 9.40

கலகம் என்றும் புரட்சி என்றும் இரண்டு வழக்கும் உண்டு. காக்ஸ் 1881இல் தொகுத்த வட ஆற்காடு மாவட்டக் கையேடு போன்றவை கம்பெனி ஆட்சியின் கண்ணால் பார்த்து எழுதியவை. அந்தப் பார்வையில் இது கலகமாகத்தான் தெரியும். ஆகவே அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

ஆனால் "முதல்" என்று போடுவதற்கு முன் ஒரு நிமிடம் யோசி. கட்டபொம்மனைத் தூக்கிலிட்டது 1799. மருது சகோதரர்களை 1801. அவர்களுக்கு என்ன பதில் சொல்லுவாய்? "1857க்கு 51 ஆண்டுகள் முன்பு" என்று எழுது. அதை யாரும் மறுக்க முடியாது.

காட்பாடி ஜங்ஷன் · 10.02

வழிமொழிகிறேன். பெயரைப் பொறுத்தவரை, முதல் முறை வரும் இடத்தில் இரண்டு வழக்கையும் சொல்லிவிட்டு, பிறகு ஒன்றையே கடைசிவரை பயன்படுத்துங்கள். உங்கள் வரைவில் ஒரே பத்தியில் கலகம், புரட்சி, போர், கிளர்ச்சி என நான்கும் வருகிறது.

பள்ளிகொண்டா · 11.25

இப்போது எனக்கு உண்மையிலேயே கோபம் வந்த இடம். நான் எழுதியது: "அப்போது சென்னை மாகாண ஆளுநராக இருந்த வில்லியம் பெண்டிங்க் 1807இல் திரும்ப அழைக்கப்பட்டார்."

கருத்து: "தவறு. பெண்டிங்க் கவர்னர் ஜெனரல். உடன்கட்டை ஏறும் சதியை ஒழித்தவர். இதுகூடத் தெரியாமல் வரலாறு படிக்கிறீர்களா?"

நான் நன்றாகப் பார்த்துத்தான் எழுதினேன். கடைசி வரிக்கு நானும் ஒன்று எழுதி வைத்திருக்கிறேன், இங்கே போட முடியாது.

ஆற்காடு மக்கன்பேடா · 11.31

தனி மடலில் அனுப்புங்கள், ஆவலாக இருக்கிறது.

காட்பாடி ஜங்ஷன் · 11.50

அனுப்ப வேண்டாம் :)

உங்கள் வாக்கியம் சரி. பெண்டிங்க் 1803 முதல் 1807 வரை சென்னை ஆளுநர். 1828இல்தான் கவர்னர் ஜெனரலாகத் திரும்பி வந்தார், சதி தடைச் சட்டம் 1829. 1806இல் கவர்னர் ஜெனரல் பொறுப்பில் இருந்தவர் ஜார்ஜ் பார்லோ.

சரி, அவர் சொன்னது தப்பு. ஆனால் ஏன் அங்கே தடுக்கி விழுந்தார்? பாடப்புத்தகம் படித்த யாருக்கும் பெண்டிங்க் என்றால் சதிதான் ஞாபகம் வரும். நாளைக்கு உங்கள் கட்டுரையைப் படிக்கிற நூறு பேரில் பத்துப் பேர் அதே இடத்தில் தடுக்குவார்கள். அதில் ஒருவர் "பிழை திருத்தம்" என்று சொல்லிக் கவர்னர் ஜெனரல் என மாற்றிவிட்டும் போவார். விக்கியில் இது நடக்கிற சமாசாரம். அதனால் "பின்னாளில் கவர்னர் ஜெனரலாகிச் சதியைத் தடைசெய்த வில்லியம் பெண்டிங்க் அப்போது சென்னை மாகாண ஆளுநர்" என்று எழுதிவிடுங்கள். தப்பான கருத்தும் எங்கே மேடு இருக்கிறது என்று காட்டிவிட்டுத்தான் போகிறது.

பதிலில் ஆளைத் தொடவே வேண்டாம். வருடத்தைப் போடுங்கள், சான்றைப் போடுங்கள், நிறுத்திவிடுங்கள். "இதுகூடத் தெரியாமல்" என்பதற்குப் பதிலே கிடையாது. அது கருத்தே இல்லை.

சத்துவாச்சாரி · பிற்பகல் 2.15

இழை நன்றாகப் போகிறது. ஒன்று நான் சொல்லலாமா? வரைவைப் பார்த்தேன். முன்னுரையில் "சாமி இல்லாத கோயில், தண்ணீர் இல்லாத ஆறு, அரசன் இல்லாத கோட்டை" என்று வேலூரைப் பற்றிய பழைய சொலவடையைப் போட்டிருக்கிறீர்கள். உள்ளே ஜலகண்டேசுவரர் கோயிலில் தினசரி பூஜை நடக்கிறது என்றும் எழுதியிருக்கிறீர்கள். சாமி இருக்கிறாரா இல்லையா?

பல காலம் கருவறையில் லிங்கம் இல்லாமல் இருந்தது உண்மை. லிங்கம் எங்கள் சத்துவாச்சாரிக் கோயிலில் இருந்தது. 1981இல்தான் கோட்டைக்கு எடுத்துப் போனார்கள். எங்கள் அப்பா கூட்டத்தோடு கூடவே நடந்து போனாராம், இன்றைக்கும் ஆள் கிடைத்தால் சொல்லுவார்.

பள்ளிகொண்டா · 2.40

ஐயோ, ஆமாம்! 11 கருத்தில்கூட இது இல்லை. சொலவடையைக் கோயில் பகுதிக்கு நகர்த்தி, "1981 வரை" என்று சேர்க்கிறேன். ரொம்ப நன்றிங்க.

இன்னும் இரண்டு பெரிய விஷயம் இருக்கிறது. ஒன்று, 1806 மே மாதம் தலைப்பாகையை மறுத்த சிப்பாய்களில் இரண்டு பேருக்கு, ஒரு இந்து, ஒரு முஸ்லிம், தலா 900 கசையடி என்று எழுதியிருந்தேன். "900 அடியை மனுஷன் தாங்குவானா? இணையத்தில் 90 என்று இருக்கிறது" என்று கருத்து. படித்ததும் எனக்கும் அப்படித்தான் பட்டது. உடனே 90 ஆக்கிவிட்டேன். இது முடிந்த கதை, சும்மா சொல்கிறேன்.

காட்பாடி ஜங்ஷன் · 3.05

முடியவில்லை. 900 என்று எங்கே பார்த்து எழுதினீர்கள்?

பள்ளிகொண்டா · 3.12

பதினொன்றாம் வகுப்பு வரலாற்றுப் பாடப்புத்தகம். தம்பியுடையது.

காட்பாடி ஜங்ஷன் · 3.30

அப்புறம் ஏன் மாற்றினீர்கள்? தாங்க முடியாது என்று தோன்றுவது சான்று ஆகாது. அந்தக் காலப் பிரிட்டிஷ் படையில் நூற்றுக்கணக்கில் கசையடி சாதாரணத் தண்டனை. தங்கள் சொந்த ஆட்களுக்கே கொடுத்தார்கள். இணையத்தில் 90 என்று பல இடங்களில் இருப்பது எனக்கும் தெரியும். ஒரு இடத்தில் ஒரு சுழி விழுந்துவிட்டால் அதைப் பார்த்து எழுதுகிற எல்லா இடத்திலும் விழும். பத்துத் தளத்தில் இருக்கிறது என்பது பத்துச் சான்று இல்லை, ஒரே சான்றின் பத்து நகல்.

நான் 900தான் என்று சாதிக்கவில்லை. போய்ப் பாருங்கள் என்கிறேன். பாடப்புத்தகத்தோடும் நிற்க வேண்டாம். கல்லூரி நூலகத்தில் 1806 பற்றிய ஆய்வு நூல் இல்லாமல் இருக்காது, வேலூர்க் கல்லூரி ஆயிற்றே.

அகழிக்கரை · மாலை 5.10

நான் சொல்லவந்ததைத் தம்பி சொல்லிவிட்டார். ஒன்று மட்டும் சேர்க்கிறேன். 90, 900 இரண்டில் எது என்பது எண்ணைப் பற்றிய கேள்வி மட்டும் இல்லை. ஜூலையில் நடந்ததற்கு மே மாதத்தில் காரணம் தேடுகிறவனுக்கு அந்தச் சுழி முக்கியம்.

அந்த இன்னொரு விஷயம் என்னம்மா?

பள்ளிகொண்டா · 6.45

பாட்டி விஷயம் ஐயா. என் பாட்டிக்குப் பிறந்த ஊர் விரிஞ்சிபுரம். கோட்டையிலிருந்து அங்கே சுரங்கப்பாதை போகிறது, அதில் ஒரு ஆட்டை விட்டார்கள், அது விரிஞ்சிபுரத்தில் வெளியே வந்து கத்தியது என்று சின்ன வயதிலிருந்து சொல்லியிருக்கிறார். அதை "வரலாறு" பகுதியில் சேர்த்திருந்தேன். மேற்கோள் எண் போட்டு, கீழே "என் பாட்டி, நேர்காணல்" என்று எழுதியிருந்தேன்.

ஆற்காடு மக்கன்பேடா · 6.49

எங்கள் ஊர்ப் பாட்டிகள் கதையில் அதே ஆடு ஆற்காட்டில் வெளியே வந்தது. நல்ல உழைப்பாளி ஆடு.

காட்பாடி ஜங்ஷன் · 7.20

:))

கதையைக் கேலி செய்யவில்லை. ஆனால் விக்கியில் சொந்த ஆய்வு கூடாது. நீங்களே எடுத்த நேர்காணலைச் சான்றாக வைக்க முடியாது, பாட்டி எவ்வளவு நம்பகமானவராக இருந்தாலும். அதே சமயம் சுரங்கக் கதை வேலூர் முழுக்க வழங்குகிறது, அதைப் பற்றி அச்சிலும் எழுதியிருக்கிறார்கள். அந்தச் சான்றை வைத்து, "விரிஞ்சிபுரத்துக்குச் சுரங்கப்பாதை இருப்பதாக ஒரு நம்பிக்கை உண்டு, அதற்கான தடயம் கிடைக்கவில்லை" என்று தனியாக எழுதலாம். வரலாறு பகுதியில் வேண்டாம். ஆட்டை வீட்டிலேயே விட்டுவிடுங்கள்.

அகழிக்கரை · 7.55

ஆட்டை விடாதே பாப்பா. பாட்டி சொல்வதைப் போனில் பதிவு செய்து வை. இந்தக் கட்டுரைக்கு இல்லை. மேலே படிக்கும்போது வாய்மொழி வழக்காறு என்று ஒரு தாள் வந்தால் அங்கே உதவும்.

பள்ளிகொண்டா · 8.30

பாட்டியிடம் சொன்னேன். "அப்போ நான் பொய் சொல்றேனா?" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். பதிவு செய்கிறேன் என்றதும் புடவை மாற்றிக்கொண்டு வந்து உட்கார்ந்துவிட்டார்.

கடைசியாக ஒன்று. சொல்ல வெட்கமாக இருக்கிறது. "எங்கிருந்தோ எடுத்தது மாதிரி இருக்கிறது" என்றாரே, அது உண்மை. "காண்போர் கண்களுக்கு விருந்தாக அமைந்துள்ள" என்கிற பத்தி ஒரு சுற்றுலாக் கையேட்டில் இருந்தது. இரண்டு சொல்லை மாற்றியிருந்தேன்.

காட்பாடி ஜங்ஷன் · 8.52

இரண்டு சொல் மாற்றினால் உங்கள் வாக்கியம் ஆகாது. பத்தியை முழுவதும் எடுத்துவிடுங்கள், ஒட்டுப்போட்டுக் காப்பாற்ற வேண்டாம். கையேட்டை மூடி வைத்துவிட்டு, அதில் உண்மையில் என்ன தகவல் இருந்தது என்று மனதிலிருந்து எழுதிப் பாருங்கள். 133 ஏக்கர், கருங்கல், சுற்றி அகழி. அவ்வளவுதான் தேறும். மீதி எல்லாம் விருந்து.

பதிலில் விளக்கம் வேண்டாம். "ஆம், எடுத்தது. நீக்கிவிட்டேன்." போதும். அதைச் சொல்லத்தான் பலருக்கு வாய் வருவதில்லை.

பள்ளிகொண்டா · ஞாயிறு, இரவு 8.05

நேற்று நூலகம் மூடுவதற்குள் தோழி ஒரு ஆய்வு நூல் எடுத்து வந்திருந்தாள். மத்தியானம் அவள் வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். அதிலும் 900தான். வரைவில் திரும்ப 900 ஆக்கிவிட்டேன், சான்றோடு. ஒரே நாளில் 900, 90, 900 என்று தொகுப்பு வரலாற்றில் என் மானம் நிற்கிறது.

பதில்கள் எழுதிவிட்டேன். சில மாதிரிக்கு:

கருத்து 2 (மேடைப்பேச்சு): ஏற்றேன். பத்தியைப் புதிதாக எழுதியிருக்கிறேன். கோட்டை அன்றே மீண்டும் கம்பெனி வசம் போனது விடுபட்டிருந்தது, சேர்த்துவிட்டேன்.

கருத்து 4 (கலகம்): பாதி ஏற்றேன். இரண்டு பெயரும் முதல் வரியில் உள்ளன. பிறகு "புரட்சி" மட்டும். "முதல் சுதந்திரப் போர்" சேர்க்கவில்லை. 1799, 1801 நிகழ்வுகள் இதற்கு முந்தியவை.

கருத்து 5 (கோட்டையில் சிறைவைக்கப்பட்டிருந்த கண்டி அரசர் விக்கிரமராஜசிங்கர் 1832இல் "இறந்தான்" என்று ஒருமையில் இருப்பது): ஏற்றேன். கட்டுரை முழுவதும் "இறந்தார்" என்ற வழக்கில் மாற்றிவிட்டேன்.

கருத்து 6 (பெண்டிங்க்): மாற்றவில்லை. 1806இல் அவர் சென்னை ஆளுநர். கவர்னர் ஜெனரலானது 1828இல். வாசகருக்கு இந்த இடத்தில் குழப்பம் வரக்கூடும் என்பது உங்கள் கருத்தால் தெரிந்தது, ஒரு தொடர் சேர்த்திருக்கிறேன்.

கருத்து 7 (கசையடி): 90 என்று மாற்றியிருந்தேன். இரண்டு அச்சு நூல்களில் 900 என்று இருப்பதால் மீண்டும் பழையபடி வைத்திருக்கிறேன். 90க்கு அச்சுச் சான்று இருந்தால் தெரிவியுங்கள், இரண்டையும் குறிப்பிடலாம்.

காட்பாடி ஜங்ஷன் · 8.25

நன்றாக இருக்கிறது. ஏழாவதில் அந்தக் கடைசி வரி ரொம்பப் பிடித்தது. கதவைச் சாத்தாமல் பேசியிருக்கிறீர்கள்.

அந்த "சூப்பர்" காரருக்குப் பதில்?

பள்ளிகொண்டா · 8.33

அவர் படம் கேட்டார் அல்லவா. அதுதான் இப்போது பிரச்சினை. இணையத்தில் இருக்கிற நல்ல படம் எதையும் எடுக்க முடியாது, பதிப்புரிமை. நான் பஸ்ஸிலிருந்து எடுத்ததில் பாதி ஜன்னல் கம்பி, பாதி ஒரு ஜவுளிக்கடை விளம்பரம். அகழியும் மதிலும் சேர்ந்து தெரிகிற மாதிரி யாராவது சொந்தமாக எடுத்த படம் இருந்தால் பொதுவகத்தில் (விக்கியின் படக் கிடங்கு) ஏற்ற முடியுமா? நாளை மதியத்துக்குள்.

அகழிக்கரை · 8.50

தினமும் காலை அங்கேதான் நடக்கப் போகிறேன். ஆறு மணிக்குத் தண்ணீர் அசையாமல் இருக்கும், மதில் தலைகீழாகத் தெரியும். போன் கேமரா போதுமா?

காட்பாடி ஜங்ஷன் · 8.54

தாராளமாகப் போதும் ஐயா. ஏற்றுவதற்கு நான் உதவுகிறேன். விரல் மட்டும் லென்ஸை மறைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

அகழிக்கரை · 8.57

பேரனைக் கூட்டிப் போகிறேன்.